நவக்கிரகங்களும் ஒன்பது கோள்களும்

இவ்வாண்டு மலருக்கு வானநூல் பற்றிய கட்டுரை ஒன்று எழுதித் தரும்படி நமது அறவாரியத்தார் என்னைக் கேட்டுக் கொண்டனர். நான் வானநூல் வல்லுநன் அல்லன். நெகிரி செம்பிலானில் ரந்தாவ் வட்டாரத் தோட்டம் ஒன்றில் பிறந்து, தோட்டத் தமிழ்ப்பள்ளிகளில் பாடம் சொல்லி ஓய்வு பெற்றவன். ஆயினும் இந்தப் பொருளில் நான் தீர்க்க வேண்டிய கடன் ஒன்று உண்டு. பல ஆண்டுகளுக்கு முன் கோயில் மேடையில் நான் சொன்ன தவறு ஒன்றைத் திருத்திக் கொள்ளவே இதனை எழுதுகிறேன்.

எங்கள் தோட்டத்து மாரியம்மன் கோயிலில் நவக்கிரக மண்டபம் எழுப்பிக் குடமுழுக்கு நடந்தபோது என்னைப் பேச அழைத்திருந்தார்கள். "மேல்நாட்டார் தொலைநோக்கி வைத்துக் கண்டுபிடித்தது ஒன்பது கோள்கள். நம் முன்னோர் வெறுங்கண்ணால் கண்டதும் ஒன்பது கோள்கள். சூரியனை நடுவில் வைத்ததும் நாமே!" என்று முழங்கினேன். பலத்த கைதட்டல். கிராணிமார்களும் கைதட்டினார்கள், மரம் வெட்டும் தாய்மார்களும் கைதட்டினார்கள். அதன் பிறகு சமய வகுப்புப் பிள்ளைகளுக்கும் அதையே சொல்லி வந்தேன்.

2006 ஆகஸ்டு 24ஆம் நாள் அனைத்துலக வானியல் ஒன்றியம் பிராக் நகரில் கூடிப் புளூட்டோவைக் கோள்களின் வரிசையிலிருந்து நீக்கியது. அடுத்த ஞாயிற்றுக்கிழமை சமய வகுப்பில் ஒரு சிறுமி எழுந்து நின்றாள். "சார், அப்ப நம்ம கோயில்லயும் ஒரு சாமிய எடுத்துருவாங்களா?" என்று கேட்டாள். மற்ற பிள்ளைகள் சிரித்தார்கள். அவள் சிரிக்கவில்லை. அவளுடைய பாட்டி சனிக்கிழமைதோறும் எள் விளக்கு ஏற்றுபவர். நான் ஏதோ சொல்லிச் சமாளித்து உட்கார வைத்தேன். அன்றிரவு எனக்கு உறக்கம் வரவில்லை. அவள் கேள்வியில் பிழையில்லை. பிழை என் மேடைப் பேச்சில் இருந்தது.

ஒன்பது என்பது எந்த ஒன்பது?

நம் நவக்கிரகங்கள் யாவர்? சூரியன், சந்திரன், செவ்வாய், புதன், குரு, சுக்கிரன், சனி, ராகு, கேது. பாடப்புத்தகத்தில் இருந்த பழைய ஒன்பது கோள்கள் எவை? புதன், வெள்ளி, பூமி, செவ்வாய், வியாழன், சனி, யுரேனஸ், நெப்டியூன், புளூட்டோ. இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் பொதுவாக இருப்பவை ஐந்து மட்டுமே. சூரியன் ஒரு விண்மீன். சந்திரன் பூமியின் துணைக்கோள். ராகுவும் கேதுவும் நிழற்கோள்கள். நம் காலடியில் உள்ள பூமி அங்கே இல்லவே இல்லை.

கிரகம் என்ற சொல்லுக்குப் பற்றுவது என்பது பொருள். விண்மீன்களிடையே இடம் மாறிச் சென்று, உலகத்தின் மேல் தம் பிடியை வைப்பவை என்று நம் முன்னோர் கருதியவற்றுக்கு அந்தப் பெயர் வைத்தார்கள். கோள் என்ற தமிழ்ச் சொல்லும் கொள்வது என்னும் பொருளில் அமைந்ததே. சூரியனைச் சுற்றும் பெரிய உருண்டை என்பது பிற்காலத்தில் அந்தச் சொல்லுக்கு ஏற்றிய பொருள். ஆகவே புளூட்டோ போனாலும் வந்தாலும் நம் நவக்கிரக மண்டபத்தில் எதையும் எடுக்கவும் வேண்டாம், சேர்க்கவும் வேண்டாம். இரண்டும் வேறு வேறு கணக்கு. மண்டபத்தில் சூரியன் நடுவில் நிற்பது வழிபாட்டு முறை. அது வானத்தின் வரைபடம் அன்று.

அப்படியானால் நாம் பெருமை கொள்ள ஒன்றுமே இல்லையா என்று கேட்கலாம். நிறைய இருக்கிறது. நான் பெருமையைத் தவறான இடத்தில் தேடினேன் என்பதுதான் விஷயம்.

பெயர்ச்சிகளில் உள்ள அளவு

நாம் கொண்டாடும் பெயர்ச்சிகளையே எடுத்துக் கொள்வோம். குருப்பெயர்ச்சி ஏறத்தாழ ஆண்டுக்கு ஒரு முறை வருகிறது. ஏன்? வியாழன் சூரியனை ஒரு முறை சுற்றி வர 11.86 ஆண்டுகள் ஆகின்றன. அதைப் பன்னிரண்டு ராசிகளுக்குப் பங்கிட்டால் ராசிக்கு ஓர் ஆண்டு. சனி சுற்றி வர ஏறக்குறைய 29½ ஆண்டுகள். பன்னிரண்டால் வகுத்தால் ராசிக்கு இரண்டரை ஆண்டு. ஜென்ம ராசிக்கு முன்னும் பின்னுமாக மூன்று ராசிகளுக்கு ஏழரை ஆண்டு. ஏழரைச் சனி என்று நாம் அஞ்சும் அந்தச் சொல்லுக்குள்ளேயே சனிக்கோளின் சுற்றுக்காலம் ஒளிந்திருக்கிறது.

பிரபவ முதல் அட்சய வரை நம் ஆண்டுகள் அறுபது. அந்த அறுபது ஆண்டுகளில் வியாழன் ஏறக்குறைய ஐந்து சுற்றும், சனி ஏறக்குறைய இரண்டு சுற்றும் சுற்றி விடுகின்றன. சனி ஒரு முறை சுற்றி வருவதைக் காண ஒரு மனிதனின் பாதி வாழ்நாள் வேண்டும். ஆகவே இந்தக் கணக்கு ஒருவர் கண்டு முடித்தது அன்று. தந்தை குறித்து வைக்க மகன் சரிபார்த்து, தலைமுறை தலைமுறையாகச் சேர்த்த செல்வம் இது.

என் தந்தையார் விடியுமுன் பெரட்டுக்குப் போய், தலையில் விளக்கைக் கட்டிக் கொண்டு மரம் வெட்டப் போவார். பள்ளி விடுமுறையில் நானும் உடன் போவதுண்டு. சில மாதங்களில் கிழக்கே விடிவெள்ளி பளிச்சென்று நிற்கும். பிறகு சில வாரங்கள் காணாமற்போய், வேறு மாதங்களில் மாலையில் மேற்கே தெரியும். "அதுவும் இதுவும் ஒண்ணுதாண்டா" என்பார் அவர். அவர் பள்ளிக்கூடம் போனதில்லை. பார்த்துப் பார்த்து அறிந்தது அது. வானநூலின் முதல் பாடமும் அதுவே.

ராகுவும் கேதுவும் எங்கே?

பிள்ளைகள் அதிகம் கேட்கும் கேள்வி இது. பூமியைச் சந்திரன் சுற்றும் பாதையும், வானத்தில் சூரியன் செல்வதாகத் தோன்றும் பாதையும் ஒரே தளத்தில் இல்லை. ஒன்றுக்கொன்று சுமார் ஐந்து பாகை சாய்ந்துள்ளன. அதனால் இரு பாதைகளும் இரண்டு இடங்களில் மட்டுமே வெட்டிக் கொள்கின்றன. அந்த இரண்டு புள்ளிகளே ராகுவும் கேதுவும். அமாவாசையோ பௌர்ணமியோ அந்தப் புள்ளிகளை ஒட்டி வரும்போது கிரகணம் உண்டாகிறது. மற்ற மாதங்களில் சந்திரன் சற்று மேலேயோ கீழேயோ தப்பிப் போய்விடுகிறது.

இந்தப் புள்ளிகள் ஓரிடத்தில் நிற்பவை அல்ல. பின்னோக்கி நகர்ந்து 18.6 ஆண்டுகளில் ஒரு சுற்று வருகின்றன. ராசிக்கு ஒன்றரை ஆண்டு. ராகு கேது பெயர்ச்சி ஒன்றரை ஆண்டுக்கு ஒரு முறை வருவதும், மற்றக் கிரகங்களைப் போல் இல்லாமல் பின்னோக்கிப் போவதும் இதனால்தான். கண்ணுக்கே தெரியாத இரண்டு புள்ளிகளைக் கணக்கால் பிடித்து, அவற்றின் நடையையும் அளந்தவர்களை எண்ணிப் பாருங்கள். கிரகணம் என்பது நிழலின் விளைவு என்று கி.பி. 499இல் ஆரியபடர் தம் நூலில் தெளிவாகவே எழுதிவிட்டார். பூமி தன்னைத் தானே சுற்றுகிறது என்று சொன்னவரும் அவரே.

2019 டிசம்பர் 26ஆம் நாள் நிகழ்ந்த வளைய சூரிய கிரகணம் நினைவிருக்கும். காலையில் கோயம்புத்தூர், திண்டுக்கல் வட்டாரங்களைக் கடந்த நிழல் யாழ்ப்பாணத்தைத் தொட்டு, கடல் தாண்டி, சுமத்ரா வழியாகப் பிற்பகலில் சிங்கப்பூரை அடைந்தது. நெகிரி செம்பிலானில் நமக்குத் தெரிந்தது பகுதி கிரகணம். நம் பாட்டன்மார் கப்பலில் பல நாட்கள் பயணம் செய்து கடந்த தூரத்தை அந்த நிழல் சில மணி நேரத்தில் கடந்தது.

சோழி வைத்துக் கண்ட கிரகணம்

தமிழ்நாட்டில் பஞ்சாங்கம் கணிப்பவர்கள் வாக்கிய முறையைக் கையாண்டார்கள். சந்திரன் ஒரே வேகத்தில் செல்வதில்லை. பூமிக்கு அருகில் வரும்போது விரைவாகவும், தொலைவில் மெதுவாகவும் செல்லும். ஓர் அருகிலிருந்து அடுத்த அருகுக்கு 27.55 நாட்கள். அப்படி ஒன்பது முறை சுற்றினால் ஏறத்தாழ சரியாக 248 நாட்கள். ஆகவே 248 நாட்களுக்குச் சந்திரன் நிற்கும் இடத்தைக் கணித்து வைத்துக் கொண்டால், பிறகு அதே வரிசை திரும்ப வரும். இந்த 248 இடங்களையும் எழுத்துகளை எண்களாகக் கொள்ளும் முறையில் 248 சிறு வாக்கியங்களாக்கி மனப்பாடம் செய்தார்கள். இவற்றை வரருசி செய்ததாக மரபு. வாக்கியப் பஞ்சாங்கம் என்ற பெயர் இவ்வாறு வந்தது.

இதன் திறமையை வெளியுலகம் அறிந்தது ஒரு பிரெஞ்சுக்காரரின் துரதிருஷ்டத்தால். லெ ஜான்தீல் என்ற வானநூலார் 1760இல் புதுச்சேரிக்குப் புறப்பட்டார். 1761 ஜூன் 6ஆம் நாள் சூரியனுக்குக் குறுக்கே வெள்ளிக்கோள் கடப்பதை அளக்க வேண்டும் என்பது நோக்கம். பூமியின் வெவ்வேறு இடங்களிலிருந்து அதை அளந்தால் சூரியன் எவ்வளவு தூரத்தில் இருக்கிறது என்று கண்டுவிடலாம். அந்தத் தூரம் கிடைத்தால் மற்றக் கோள்களின் தூரங்களும் கிடைத்துவிடும். ஆனால் அவர் வந்து சேருமுன் புதுச்சேரி ஆங்கிலேயர் கைக்குப் போய்விட்டது. அந்த நாள் அவர் நடுக்கடலில் ஆடும் கப்பலில் இருந்தார். அளக்க முடியவில்லை. அடுத்தது எட்டு ஆண்டுகள் கழித்து. ஊர் திரும்பாமல் காத்திருந்தார். மீண்டும் பிரெஞ்சுக்காரர் வசம் வந்த புதுச்சேரியில் வானாய்வுக்கூடம் கட்டினார். 1769 ஜூன் 4ஆம் நாள் காலை, உரிய நேரத்தில் மேகம் மூடிவிட்டது! 1771இல் ஊர் திரும்பியபோது அவர் இறந்துவிட்டதாகக் கருதி உறவினர் சொத்தைப் பங்கிடத் தொடங்கியிருந்தனர்.

அவர் வெறுங்கையோடு போகவில்லை. புதுச்சேரியில் தமிழர் ஒருவரிடம் கிரகணம் கணிக்கும் முறையைக் கற்றுக் கொண்டார். சோழிகளை வைத்து, மனப்பாடமான வாய்பாட்டைக் கொண்டு செய்யும் கணக்கு அது. 1765 ஆகஸ்டு 30ஆம் நாள் நிகழ்ந்த சந்திர கிரகணம் நீடித்த நேரத்தை ஒப்பிட்டார்கள். தமிழர் கணக்கு 41 வினாடி குறைவாக இருந்தது. அக்காலத்தில் ஐரோப்பாவில் சிறந்ததாக மதிக்கப்பட்ட மேயரின் அட்டவணை 68 வினாடி கூடுதலாக இருந்தது.

கதை இத்துடன் முடிந்திருந்தால் நான் மறுபடியும் மேடையேறி முழங்கியிருப்பேன். 1825இல் ஜான் வாரன் என்பவர் சென்னையில் காலசங்கலிதம் என்ற நூலை வெளியிட்டார். அவருக்குப் புதுச்சேரிப் பஞ்சாங்கக்காரர் ஒருவர் அதே ஆண்டு மே 31 இரவு தொடங்கிய சந்திர கிரகணத்தைச் சோழி வைத்துக் கணித்துக் காட்டினார். தொடக்கத்தில் 4 நிமிடம் பிழை, நடுவில் 23 நிமிடம், முடிவில் 52 நிமிடம். ஏடும் எழுதுகோலும் இல்லாமல் இவ்வளவு நெருங்கியது வியப்புக்குரியது. அதே சமயம் 52 நிமிடம் என்பது சிறு பிழையும் அன்று. இரண்டையும் சேர்த்துச் சொல்வதே நேர்மை.

திருத்தியவர்களே பெரியவர்கள்

கணக்கும் வானமும் பொருந்தாவிட்டால் என்ன செய்வது? நம் மரபிலேயே விடை உண்டு. கேரளத்துப் பரமேசுவரர் பல்லாண்டுகள் கிரகணங்களைக் கண்ணால் பார்த்துக் குறித்து, 1431இல் திருக்கணிதம் என்ற திருத்திய முறையைத் தந்தார். திருக் என்றால் பார்வை. பார்த்துத் திருத்திய கணிதம் திருக்கணிதம். அவர் வழியில் வந்த நீலகண்ட சோமயாஜி 1500ஆம் ஆண்டையொட்டித் தந்திரசங்கிரகம் இயற்றி, புதன், வெள்ளி ஆகியவற்றின் கணக்கைச் சீர்ப்படுத்தினார். ஐந்து கோள்களும் சூரியனைச் சுற்ற, அந்தச் சூரியன் பூமியைச் சுற்றுவதாக அவர் கருதினார்.

மேல்நாட்டிலும் அறிவு திருத்தத்தினால்தான் வளர்ந்தது. 1543இல் கோப்பர்நிக்கஸ் சூரியனை நடுவில் வைத்தார். 1609இல் கெப்ளர் கோளின் பாதை வட்டமன்று, நீள்வட்டம் என்றார். 1610இல் கலிலியோ தொலைநோக்கியில் வியாழனின் நான்கு நிலாக்களைக் கண்டார். 1781இல் ஹெர்ஷல் யுரேனசைக் கண்டார். அது கணக்கு தவறி நடந்ததால், இன்னொரு கோள் அதை இழுக்கிறது என்று கணித்து 1846இல் நெப்டியூனைக் கண்டார்கள். 1930இல் புளூட்டோ வந்தது. அதைப் போன்ற பல பொருள்கள் அந்தப் பகுதியில் இருப்பது தெரிந்ததும் 2006இல் குறுங்கோள் என்று பெயர் மாற்றினார்கள். தாம் சொன்னதைத் தாமே திருத்திக் கொள்ள அவர்கள் வெட்கப்படவில்லை.

சென்னை நுங்கம்பாக்கத்தில் 1792இல் அமைந்த வானாய்வகத்தின் கருங்கல் தூணில் தமிழிலும் கல்வெட்டு உண்டு. அங்கிருந்துதான் 1861இல் போக்சன் ஒரு சிறுகோளைக் கண்டு அதற்கு ஆசியா என்று பெயரிட்டார். அவரிடம் முதல் உதவியாளராக இருந்தவர் சிந்தாமணி ரகுநாதாச்சாரி. பஞ்சாங்கம் கணிக்கும் குடும்பத்தில் பிறந்தவர். 1867இல் ஒளி மாறும் விண்மீன் ஒன்றைக் கண்டுபிடித்தார். 1872இல் லண்டன் இராயல் வானியல் கழகத்தில் இடம்பெற்றார். அதே ஆண்டு அவிநாசியில் வளைய கிரகணத்தை ஆராய்ந்தார். 1874 டிசம்பர் 9இல் வெள்ளி மீண்டும் சூரியனைக் கடக்க இருந்தபோது, பொதுமக்களுக்கு விளக்கும் நூலை ஆங்கிலம், கன்னடம், உருது முதலிய மொழிகளில் கொண்டு வந்தார். பஞ்சாங்கத்தையும் புதிய அளவுகளுக்கேற்பத் திருத்தி வெளியிட்டார். தம் குலத்தொழிலை அவர் இகழவும் இல்லை, பழமை என்பதற்காகப் பிழையைக் காக்கவும் இல்லை. நான் மேடையில் பெயர் சொல்லியிருக்க வேண்டியவர் அவர்.

அந்த மரபு அறுந்துவிடவில்லை. 1988இல் தமிழ்நாட்டின் சவ்வாது மலையிலுள்ள காவலூர் வானாய்வகத்தில் ஆர். இராஜமோகன் கண்ட சிறுகோள் இன்று கணித மேதை இராமானுஜன் பெயரைத் தாங்கிச் சூரியனைச் சுற்றி வருகிறது.

நம் ஊரில் செய்ய வேண்டியது

திருத்தம் என்பது நமக்கும் உரியது. ராகு காலம் என்பது பகல் பொழுதை எட்டாகப் பகுத்ததில் ஒரு பங்கு. சூரியன் ஆறு மணிக்கு உதிப்பதாக வைத்துக் கொண்டு திங்கட்கிழமை ஏழரை முதல் ஒன்பது, வெள்ளிக்கிழமை பத்தரை முதல் பன்னிரண்டு என்ற பட்டியல் வந்தது. சிரம்பானில் சூரியன் உதிப்பது ஏழு மணியையும் ஏழரையையும் ஒட்டி. 1982 ஜனவரி 1ஆம் நாள் தீபகற்ப மலேசியாவில் கடிகாரத்தை அரை மணி முன்னே தள்ளினார்கள். கடிகாரம் நகர்ந்தது, சூரியன் நகரவில்லை. ஆனால் நம்மில் பல வீடுகளில் பழைய பட்டியலே சுவரில் தொங்குகிறது. வெள்ளிக்கிழமை பத்தரைக்கு எலுமிச்சை விளக்கேற்றும் தாய்மார்களின் பக்தியில் குறையில்லை. அவர்களுக்கு உள்ளூர் உதயத்தைப் பார்த்து நேரம் குறித்துக் கொடுப்பது நம் கடமை.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். போர்ட்டிக்சனுக்கு அருகில் தெலுக் கெமாங்கில் பிறை பார்ப்பதற்கென்று வானாய்வகம் இருக்கிறது. முஸ்லிம் அன்பர்கள் தங்கள் சமயக் கடமைக்காக அங்கே தொலைநோக்கியைப் பயன்படுத்துகிறார்கள். சமயமும் தொலைநோக்கியும் ஓரிடத்தில் இருக்கலாம் என்பதற்கு நம் மாநிலத்திலேயே சான்று உண்டு. பெயர்ச்சி நாட்களில் நம் உபயகாரர்கள் தாராளமாக வழங்குகிறார்கள். அதில் ஒரு சிறு பகுதியைக் கொண்டு நம் சமய வகுப்புக்கு ஒரு நல்ல தொலைநோக்கி வாங்கலாம். சனி மாலையில் தெரியும் மாதங்களில், ஒரு சனிக்கிழமை எள் விளக்கு ஏற்றிய கையோடு பிள்ளைகளுக்கு அந்தக் கோளின் வளையத்தைக் காட்டலாம். தோட்டங்கள் துண்டாடப்பட்டு, ரப்பர் போய்ச் செம்பனை வந்து, லயங்கள் காலியாகிவிட்ட இந்நாளில், பட்டணத்துக்குப் போன பிள்ளைகள் கோயிலைத் தேடி வர அதுவும் ஒரு காரணமாகட்டும்.

2012 ஜூன் 6ஆம் நாள் வெள்ளி சூரியனைக் கடந்தது. லெ ஜான்தீலுக்குக் கிடைக்காத காட்சி. இனி 2117இல்தான். பள்ளி விடுமுறை ஆதலால் பிள்ளைகளைக் கோயில் வாசலுக்கு வரச் சொல்லியிருந்தேன். சூரியனை நேரே பார்ப்பது கண்ணைக் கெடுக்கும். ஆகவே நண்பரின் இருவிழி நோக்கியை நிறுத்தி வைத்து, அதன் வழியே சூரிய பிம்பத்தை வெள்ளை அட்டையில் விழச் செய்தோம். வெள்ளை வட்டத்தில் மிளகு அளவுக்கு ஒரு கறுப்புப் புள்ளி. பூசையை முடித்துவிட்டுப் பூசாரி ஐயாவும் வந்து குனிந்து பார்த்தார். "சுக்கிர பகவானா இவ்வளவு சிறிசா தெரியறாரு?" என்றார். பிறகு அட்டையைப் பார்த்துக் கைகூப்பினார்.

2006இல் கேள்வி கேட்ட சிறுமியும் வந்திருந்தாள். இப்போது இடைநிலைப்பள்ளி மாணவி. ஆறு ஆண்டுகள் கழித்து அவளிடம் சொன்னேன்: "அம்மா, நம்ம கோயில்ல எந்தச் சாமியையும் எடுக்க வேண்டியதில்லை. சார் சொன்ன கணக்குதான் தப்பு." அவள், "தெரியும் சார், நான் அப்பவே புத்தகத்துல பார்த்துட்டேன்" என்றாள்.

மாணவி பார்த்துத் திருத்திக் கொண்டாள். ஆசிரியன் திருந்தத்தான் ஆறு ஆண்டுகள் ஆயின. நவக்கிரகங்களை ஒன்பது முறை வலம் வரும் அன்பர்கள், அன்றிரவு வீடு திரும்பும் வழியில் ஒரு முறை தலை நிமிர்ந்து வானத்தையும் பார்க்க வேண்டும் என்று கேட்டுக் கொள்கிறேன். எல்லாம் வல்ல இறைவன் திருவருளால் நம் பிள்ளைகள் பக்தியிலும் அறிவிலும் ஒருங்கே சிறந்து விளங்குவார்களாக.